முதல் செயலாளர் கொண்டுவந்த டீ

ஏப்ரல் 27, திங்கள்

வெயில். செகந்திராபாத் பக்கத்துக் குஷாய்குடாவில் காக்காய் கூட நிழல் பார்த்துத்தான் உட்காருகிறது. காலையில் பி.பி. மாத்திரை, இரண்டு இட்லி. ரேவதி பார்க்காதபோது மூன்றாவது. ரேவதி என் அக்கா மகள். ரிடையர் ஆனதிலிருந்து அவள் வீட்டில்தான் இருக்கிறேன். இந்த வீட்டின் தூண் நான்தான் என்று அவள் சொன்னதில்லை, ஆனால் முகத்தில் தெரியும். சட்னி பிரமாதம். இதெல்லாம் யாருக்குக் கிடைக்கும்.

பதினோரு மணிக்கு யாதகிரி போன். சனத்நகர் ஒர்க்ஸில் எனக்குக் கீழே (சரி, பக்கத்தில்) வேலை பார்த்தவன். இப்போது பழைய தொழிலாளர்களைக் கூட்டி வைத்து வருஷத்துக்கு ஒரு தடவை சாப்பாடு போடுகிறான். இந்த வருஷம் மே தினத்தில். பழைய போட்டோக்களை மாட்டப் போகிறார்களாம். நான் ரஷ்யப் பயணம் பற்றி ஐந்து நிமிடம் பேச வேண்டுமாம். ஐந்து நிமிடமா! என் கதையில் விமானம் கிளம்பவே பத்து நிமிடம் ஆகும்.

"எத்திராஜ் வருவானா?"

"ராடன்னா, வரமாட்டாரு. அவரு என்னிக்கு வந்தாரு? பேரைச் சொன்னாலே போனை வெச்சுடறாரு."

எத்திராஜ் என்னோடு ரஷ்யா வந்த ஃபிட்டர். செங்கொடி யூனியன்காரன். எங்கள் இரண்டு பேர் வீடும் ஆற்காட்டுப் பக்கத்திலிருந்து செகந்திராபாத் வந்தவை. ஒரே தட்டில் சாப்பிட்டவர்கள். பயணம் முடிந்து வந்ததிலிருந்து பேச்சில்லை. தமாஷ் தாங்காத ஆள்.

மாலையில் பெட்டியைக் குடைந்தேன். கிடைத்தவை: வெல்டிங் கண்ணாடி, பழைய பாஸ்போர்ட், ரஷ்யக் கரண்டி, செத்த பல்லி, போட்டோ.

போட்டோவில் நான் நாற்காலியில், ராஜா மாதிரி. பழுப்புக் கோட்டுக்காரர் ஒருவர் குனிந்து எனக்கு டீ வைக்கிறார். பக்கத்தில் எத்திராஜ் விறைப்பாக நின்று நெற்றியில் கை வைத்து அந்த டீக்காரருக்கு சலாம் அடிக்கிறான். நாற்பது வருஷமாக இதைப் பார்த்துச் சிரிக்கிறேன்.

நடந்தது இதுதான். மிஷின் பழக எங்களை அனுப்பியிருந்தார்கள். அந்த மாகாணத்து சேர்மன் விருந்து வைத்தார். மார்பு நிறைய மெடல். செகந்திராபாத்திலிருந்து கொண்டுபோன சந்தன மாலையை நானே அவருக்குப் போட்டேன். மொழிபெயர்க்க வந்த அம்மாள் பழுப்புக் கோட்டுக்காரரைக் காட்டி, "இவர் ஃபர்ஸ்ட் செக்ரட்டரி" என்றாள். எங்கள் ஒர்க்ஸில் செக்ரட்டரி என்றால் எம்.டி. ரூம் வாசலில் உட்கார்ந்து டைப் அடிப்பவர். ஃபர்ஸ்ட் செக்ரட்டரி என்றால் ஒன்றாம் நம்பர் டைப்பிஸ்ட். "நல்லது, ஒரு டீ கொண்டுவரச் சொல்லும்மா, சர்க்கரை கம்மி" என்றேன். கொண்டுவந்தார். அந்த டைப்பிஸ்டுக்குத்தான் எத்திராஜ் எழுந்து சலாம் போட்டான்!

ஊருக்கு வந்ததும் அவனுக்கு 'டீ சலாம்' என்று பேர் வைத்தது நான்தான். ஒர்க்ஸ் முழுக்க ஒட்டிக்கொண்டது.

ஏப்ரல் 28, செவ்வாய்

இதை எப்படி எழுதுவது.

போட்டோவின் பின்பக்கம் ரஷ்ய மொழியில் இரண்டு வரி உண்டு. 'இந்தியாவின் தலைசிறந்த வெல்டருக்கு' என்று எழுதியிருப்பதாக எல்லாரிடமும் சொல்லி வந்தேன். நானும் நம்பிவிட்டேன். இன்று ரேவதி பாங்கிலிருந்து வந்ததும், "எங்கே மாமா, போன்ல படிக்க வெச்சுப் பார்க்கலாம்" என்றாள். செல்போனை மேலே பிடித்தாள். எழுத்து தமிழாக மாறிவிட்டது.

"மாகாணக் கட்சிக் குழுவின் முதல் செயலாளர் இந்திய நண்பர்களுக்குத் தேநீர் தருகிறார்."

"வெல்டர்?"

"வெல்டர் இல்லை மாமா."

"சரி போகட்டும். டைப்பிஸ்டுக்கு இவ்வளவு நீளப் பட்டமா?"

ரேவதி என்னை ஒரு மாதிரி பார்த்துவிட்டு போனில் ஏதோ தேடிப் படித்தாள். அந்த ஆட்சியில் சேர்மன், மந்திரி எல்லாம் இருப்பார்களாம். ஆனால் மாகாணத்துக்கே எஜமான் கட்சியின் முதல் செயலாளர்தானாம். ஃபாக்டரி, வயல், ரோடு, யாருக்கு என்ன பதவி, எல்லாம் அவர் சொன்னால்தான். மெடல் போட்ட சேர்மன் அவருக்கு அடுத்தபடிதான்.

"அப்போ செகண்ட் செக்ரட்டரி?"

"அவரும் பெரிய ஆள்தான். நீங்க என்ன நினைச்சீங்க?"

ஒன்றாம் டைப்பிஸ்ட் லீவு போட்டால் வருகிறவர் என்று நினைத்தேன். சொல்லவில்லை.

ஆக, ஒரு மாகாணத்தின் அதிபதியை நான் டீ வாங்கிவர அனுப்பியிருக்கிறேன். முதல் ஐந்து நிமிடம் பெருமை. உலகத்தில் எந்த வெல்டர் செய்திருப்பான்? அப்புறம் போட்டோவில் எத்திராஜின் கை கண்ணில் பட்டது. அவனுக்குத் தெரிந்திருக்கிறது. சரியான ஆளுக்குத்தான் சலாம் வைத்திருக்கிறான்.

சாம்பாரில் முருங்கைக்காய். இறங்கவில்லை.

ஏப்ரல் 30, வியாழன்

நேற்று முழுக்க முழங்கால் வலி என்று சொல்லிப் படுத்திருந்தேன். வலி முழங்காலில் இல்லை.

இன்று பஸ் பிடித்து செகந்திராபாத், அங்கிருந்து லோக்கல் ரயிலில் சனத்நகர். ஜன்னல் சீட் கிடைத்தது, கடவுளுக்கு நன்றி. எத்திராஜ் வீட்டுக் கதவைத் திறந்தது அவன் சம்சாரம் சரோஜா.

"அடடே அண்ணனா! வழி தெரிஞ்சுதா?"

உள்ளேயிருந்து குரல்: "யாரு?"

"உங்க கூட்டாளி."

"எனக்கு யாரும் கூட்டாளி நக்கோ, வேணாம். அனுப்பு."

நானே உள்ளே போய் போட்டோவை அவன் மடியில் வைத்தேன். "எத்திராஜு, அந்தாளு டைப்பிஸ்ட் இல்லையாம்பா" என்றேன்.

அவன் நிமிர்ந்து என்னைப் பார்த்தான். முடியெல்லாம் கொட்டிவிட்டது, கண் மட்டும் பழைய கண்.

"நாப்பது வருசம் ஆச்சா இது உனக்குத் தெரிய? அன்னிக்கே உன் காதுல சொன்னேன், எழுந்திருடா, பெரியவருடான்னு. நீ சர்க்கரை கம்மின்ற!"

"நீ தமாஷ் பண்றேன்னு..."

"தமாஷ் பண்ணது நீ. ஒர்க்ஸ் கமிட்டி செயலாளருக்கு நின்னேனே, ஞாபகம் கீதா? கூட்டத்துல என்னா கத்தினே? 'டைப் அடிக்கிற போஸ்டுக்கு நிக்கிறான், டீ சலாம்'னு. மொத்தக் கூட்டமும் நெத்தில கை வெச்சுச் சிரிச்சுது. தோத்தேன். அப்புறம் யூனியன் ஆபீஸ் படியே ஏறல."

எனக்கு அது மறந்தே போயிருந்தது. நிஜமாகவே.

வாய் சும்மா இருக்குமா? "இருந்தாலும் எத்திராஜு, எனக்கு வயித்துல ஆபரேஷன் ஆனப்போ சேர்மன் நான் போட்ட மாலைக்கு மரியாதை பண்ணி கார் அனுப்பினாரே, அவரு பெரிய மனுஷன்தான்" என்றேன். விருந்து முடிந்து மூன்றாம் நாள் எனக்குக் குடல்வால் வீங்கி உயிர் போகிற நிலை. எங்கும் பனி. ஒரு கறுப்புக் கார் வந்து பெரிய ஆஸ்பத்திரிக்குத் தூக்கிப் போனது. என் கதைகளிலேயே சிறந்த கதை.

சரோஜா சிரித்தாள். "ஹவ் அண்ணா, ஆமாமா, சேர்மன் அனுப்பினாரு! சொல்லுங்களேன் நீங்க" என்று அவனைப் பார்த்தாள்.

"என்னா சொல்றது. நீ சுருண்டு கெடந்தே. ஆம்புலன்ஸ் வராதுன்னாங்க. கட்சி ஆபீசுக்கு ஓடினேன். பாஷை தெரியாது. துப்பாக்கிக்காரன் தள்ளுறான். நீ டீ கேட்ட அந்தாளு வெளிய வந்து கார்ல ஏறப் போறாரு. இன்னா பண்றதுன்னு தெரியல. அதே மாதிரி நின்னு சலாம் வெச்சேன். டக்குனு நின்னாரு. டீ கிளாஸ் புடிக்கிற மாதிரி கையக் காட்டிச் சிரிச்சாரு. நான் வயித்தப் புடிச்சுக் காட்டி உன் ரூம் பக்கம் கை நீட்டினேன். தன் காரையே குடுத்துட்டு நடந்து போனாருய்யா."

"ஏன்யா சொல்லல?"

"நீ எங்க பேச வுட்டே? கண்ணு முழிச்சதுமே சேர்மன் காருன்னு ஆரம்பிச்சுட்டே."

அந்த சலாம் இல்லாவிட்டால் இந்த டைரி இல்லை. மூன்றாவது இட்லி இல்லை. கை கூப்பினேன். அவன் அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டான்.

"நாளைக்கு வாப்பா" என்றேன்.

"நக்கோ. நெத்தில கை வெச்சுக் காட்டுவானுங்க."

சரோஜா மோர் கொடுத்தாள். பெருங்காயம் தூக்கல். நல்ல மோர்.

மே 1, வெள்ளி

கூட்டம். வெள்ளைச் சட்டை. ரேவதி இஸ்திரி போட்டுக் கொடுத்தாள், புண்ணியவதி. ஹாலில் மின்விசிறி நாலு, சுற்றுவது இரண்டு. சுவரில் நடுவில் என் போட்டோ.

மைக்கைப் பிடித்தபோது கடைசி வரிசையில், கதவோரம், சரோஜா. பக்கத்தில் அவன். பாதி முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தான், எப்போது வேண்டுமானாலும் எழுந்து போகிற மாதிரி.

பேசினேன். டைப்பிஸ்ட் என்று நினைத்தது, டீ கேட்டது, பேர் வைத்தது, எலெக்ஷனில் கத்தியது, எல்லாம் நான்தான் என்றேன். அவன் ஓடியதையும் சொன்னேன். சொல்லும்போது கணுக்கால் பனி இடுப்பு வரைக்கும் ஏறிவிட்டது, ஒரு துப்பாக்கிக்காரன் ஆறு பேர் ஆகிவிட்டான். அதைத் தவிர எல்லாம் உள்ளபடி. சேர்மன் கார் கதையை நானே என் வாயால் கொன்றேன்.

பழக்க தோஷத்தில் எவனோ, "டீ சலாம்!" என்றான். ஒருத்தரும் சிரிக்கவில்லை. எத்திராஜ் எழுந்துவிட்டான். கதவைப் பார்த்து இரண்டு அடி.

மைக்கை யாதகிரி கையில் திணித்துவிட்டு இறங்கினேன். மேஜையிலிருந்து ஒரு டீ எடுத்தேன். ஹாலின் முழு நீளமும் நடந்தேன். பாதி டீ சாசரில். அவன் முன்னால் ஒரு காலி நாற்காலியில் வைத்துவிட்டு நிமிர்ந்து, நெற்றியில் கை வைத்து, போட்டோவில் அவன் நின்ற மாதிரியே நின்றேன்.

சரோஜா அவன் சட்டையைப் பிடித்து இழுத்தாள். உட்கார்ந்தான். ஒரு வாய் குடித்தான். என்னை மேலும் கீழும் பார்த்தான்.

"இன்னாப்பா டைப்பிஸ்ட். இன்னொண்ணு கொண்டா. சர்க்கரை கம்மி."

ஓடினேன். இந்த முழங்காலோடு.