வார்த்தையில்லாத ஏழு பாட்டு

உன் கிட்டார் பையை இன்றுதான் திறந்தேன். பனியன் துணி பின்னும் நிட்டிங் மெஷினின் எண்ணெய் வாசம் குப்பென்று அடித்தது. ஆறு நாளும் நீ மெஷின் பிட்டர், ஏழாம் நாள் கிட்டார். எந்தச் சோப்புப் போட்டாலும் உன் கையை விட்டு அந்த வாசம் போனதில்லை. உன் மனைவி எஸ்தர் இதைக் கொண்டுவந்து என் வீட்டில் வைத்துப் பதினைந்து நாள் ஆகிறது. திறக்கப் பயமாக இருந்தது.

வைத்த அன்றே அவள் என்னிடம் ஒன்று கேட்டாள். "அவிய சத்தம் எங்கிட்ட ஒண்ணுகூட இல்லண்ணே. கல்யாண வீடியோவுல நாங்க வாயத் தொறக்குற எடமெல்லாம் பாட்டப் போட்டு மூடிட்டாவ. நீங்க ஸ்டுடியோவுல பேசுனதெல்லாம் பதிவாயிருக்கும்லா? அத மட்டும் தாங்கண்ணே."

ஊத்துக்குளி ரோட்டில் லாரி உன்னை அடித்தபோது உன் போனும் நொறுங்கிப்போயிற்று. நீயோ வாட்ஸப்பில் ஒரு கட்டைவிரலைத் தவிர எதுவும் அனுப்பாதவன். "எடுத்துத் தர்றேன் கண்ணு" என்றேன் அவளிடம். பொய்யடா. அது எதுவுமே என்னிடம் இல்லை. நான்தான் அழித்தேன்.

அவிநாசியில் அந்த ஸ்டுடியோவில் வாரம் முழுக்கப் பக்திப் பாட்டு பதிவாகும். ஞாயிறு மத்தியானம் சர்ச்சில் வாசித்து முடித்துவிட்டு நீ அங்கே வருவாய். நீ கிட்டார், நான் டிரம்ஸ், ஸ்டுடியோக்காரர் பேஸ் கிட்டார். நுழைந்ததும் ரெக்கார்டிங்கைப் போட்டுவிடுவார். சாயங்காலம் வரை நிறுத்தமாட்டார். எந்தப் பாட்டையும் நாம் யோசித்துக்கொண்டு போனதில்லை. என்ன வாசிக்கலாம் என்று ஒருநாள் கேட்டேன். "தெரிஞ்சா எதுக்குல வாசிக்கணும்?" என்றாய். நீ எதையாவது ஆரம்பிப்பாய், நான் பின்னாலேயே ஓடுவேன். பத்து நிமிடம் குப்பையாகப் போகும். பிறகு எங்கிருந்தோ ஒன்று பிடிபடும், மூன்று பேருக்கும் உடம்பு சிலிர்க்கும்.

நடுநடுவே நீ பேசுவாய். அப்பா, என்ன பேச்சு. பாஸ்டரின் முடியாத ஜெபம், எங்கள் ஊர் டீயில் கொட்டும் சர்க்கரை, எதற்கெடுத்தாலும் நான் போடும் 'ங்க'. "நாய வெரட்டுனாக்கூட போங்கன்னுதான சொல்லுவ?" என்பாய். எனக்கு எரிச்சலாக வரும். வாசிக்க வந்தோமா, வாயடிக்க வந்தோமா என்று குச்சியால் தட்டுவேன்.

அந்த மணிக்கணக்கான பதிவிலிருந்து ஆல்பத்துக்கு ஏழு பாட்டை வெட்டி எடுக்கும் வேலையை நான் பிடுங்கிக்கொண்டேன். கட்டிங் மாஸ்டர் அல்லவா, துணியில் அரை இஞ்ச் வீணாகாமல் வெட்டுகிறவன் என்ற திமிர். நீ ஒன்றே ஒன்றுதான் கேட்டாய். "மொதப் பாட்டுக்கு முன்னால நாம பேசுறதக் கொஞ்சம் விடுல. மனுசங்கதான் வாசிக்காவன்னு தெரியட்டும்."

நான் ஒத்துக்கொள்ளவில்லை. ஆல்பத்தில் வார்த்தையே வேண்டாம், வாத்தியம் மட்டும் போதும் என்று சொன்னது நீதானே என்று மடக்கினேன். நீ சிரித்துக்கொண்டு எழுந்துபோனாய். பேச்சையெல்லாம் வேஸ்ட் என்று தள்ளினேன். ஆல்பம் வெளியானதும் முழுப் பதிவும் இருந்த ஹார்ட் டிஸ்க்கை அழித்து ஸ்டுடியோக்காரரிடமே கொடுத்துவிட்டேன்.

எஸ்தர் கேட்ட மறுநாள் லீவு போட்டுவிட்டு, அந்த டிஸ்க்கை வாங்கிக்கொண்டு கோயம்புத்தூருக்கு ஓடினேன். அழிந்ததை மீட்கும் கடைக்காரர் இரண்டு நாள் வைத்திருந்து உதட்டைப் பிதுக்கினார். "இதுக்கு மேல முருகன் பாட்டு நெறைய ஏத்தீட்டாங்க. அடியில இருந்தது இனி வராதுங்க."

"ஒரு நிமிசம் கெடைச்சாப் போதுங்க" என்று அவர் கையைப் பிடித்துக் கெஞ்சினேன். கடையில் இருந்தவர்கள் எல்லாரும் பார்த்தார்கள். வெட்கமாகவே இல்லை.

மிச்சமிருந்தது அந்த ஏழு பாட்டுதான். நான்காவது பாட்டை வாசித்தபோது ஓரிடத்தில் கை சோர்ந்து நான் நிறுத்தப் போனேன். "விடாதல, விடாத" என்று நீ கத்தினாய். என் டிரம்ஸ் மைக்கில் அது விழாமல் இருக்க முடியாது. ஹெட்போனை மாட்டிக்கொண்டு அந்த இடத்தைத் திரும்பத் திரும்பக் கேட்டேன். அப்புறம்தான் ஞாபகம் வந்தது. அந்த இடத்தில் கை தடுமாறிய இரண்டு தாளத் தட்டை உன் சத்தத்தோடு வெட்டி எடுத்துவிட்டு, வேறொரு ஞாயிறு வாசித்ததை ஒட்டுத் தெரியாமல் வைத்தவன் நான். உன்னிடமே அதைப் போட்டுக் காட்டிப் பெருமைப்பட்டேன். நல்லா இருக்குல என்றாய், பாவி.

நேற்றுப் போய் எஸ்தரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். திட்டியிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும். அவள் அந்தப் பாட்டைப் போடச் சொன்னாள். இடம் வந்ததும் கையைக் காட்டினேன்.

"இங்க என்ன சொன்னாவ?"

சொன்னேன்.

"அவிய சொன்ன மாதிரியே சொல்லுங்கண்ணே."

சொல்லிப் பார்த்தேன். என் வாயில் அது உன் தெற்கத்திப் பேச்சாக இல்லாமல் எங்கள் அவிநாசிப் பேச்சாக வந்தது. இன்னும் கொஞ்சம் சத்தமாகச் சொன்னேன். அவள் தலையை ஆட்டினாள். "அது அவிய இல்லண்ணே." தானே ஒருமுறை சொல்லிப் பார்த்தாள், பாதியிலேயே நிறுத்திவிட்டாள். "போன மாசம் வரைக்கும் காதுல இருந்துச்சே" என்று என்னைப் பார்த்தாள். என்னால் அங்கே உட்கார முடியவில்லை.

இப்போது டிரம்ஸில் உட்கார்ந்தால் சீக்கிரமே கை சோர்ந்துவிடுகிறது. விடாதே என்று நீ கத்தினாய், அது தெரியும். எப்படிக் கத்தினாய் என்பதுதான் தெரியவில்லை.