'பெர்டிட்டா' கப்பலை விட்டு நான் ஓடிப்போகவில்லை

அனுப்புநர்:
நத்தானியேல் ட்ரெகியர்,
தற்காலிகக் காவலர்,
'பெர்டிட்டா' போர்க்கப்பல்,
சிட்னி துறைமுகம்.

பெறுநர்:
கண்காணிப்பாளர் அவர்கள்,
ஓய்வுபெற்ற கப்பல்கள் பராமரிப்பு அலுவலகம்,
சிட்னி.

பொருள்: 1893ஆம் ஆண்டுப் பதிவேட்டில் என் பெயருக்கு எதிரே உள்ள 'ஓடிப்போனவன்' என்ற குறிப்பை நீக்கக் கோருதல்.

மதிப்பிற்குரிய ஐயா,

1. என் முந்தைய ஆறு கடிதங்களும் கிடைத்ததாகத் தாங்கள் ஆறு முறை தெரிவித்திருக்கிறீர்கள். அந்தக் கனிவுக்கு முதலில் நன்றி.

2. 'பெர்டிட்டா' இக்கடல்களில் பதின்மூன்று ஆண்டு பணிபுரிந்தது. நான்கு ஆளுநர்களின் பிறந்தநாளுக்குக் குண்டு முழக்கியது. பவளப்பாறையில் சிக்கிய ஒரு பேராயரை மீட்டது. கலகத் தீவு என்று கேள்விப்பட்ட ஓரிடத்தை இரண்டு மணி நேரம் சுட்டது. அங்கே ஆட்களே இல்லை என்பது பிறகு தெரிந்ததால், எத்தரப்பிலும் உயிர்ச்சேதமின்றி வெற்றி கிடைத்தது. இத்தகைய கப்பலில் கரி தள்ளக் கொடுத்து வைத்திருந்தேன். இதை மனமாரச் சொல்கிறேன்.

3. கப்பலின் அடித்தளத்துக்கும் வெளித்தகட்டுக்கும் நடுவே, ஓர் ஆள் தவழ்ந்து மட்டுமே போகக்கூடிய இரும்பு அறைகள் உண்டு. துரு சுரண்ட உள்ளே போகிறவன் தன் எண் பொறித்த பித்தளை வில்லையை வாயிலில் மாட்ட வேண்டும். அது தொங்கும் வரை யாரும் மூடியைப் போடக் கூடாது. 1893 நவம்பர் 9 காலை நான் அப்படித்தான் போனேன். மூடியைப் போடாதவர்களுக்கு இன்றளவும் கடமைப்பட்டிருக்கிறேன்.

4. நான் உள்ளே சுத்தியலோடு இருந்தபோது மேல்தளத்தில் ஆள் எண்ணினார்கள். நான்கு பேர் குறைந்தார்கள். மூவர் மேற்கே தங்கம் தோண்டப் போனது உண்மை. நான்காவது ஆளும் அவர்களோடு போனதாக எழுதி, அறிக்கையைக் கரைக்கு அனுப்பிவிட்டுக் கப்பல் புறப்பட்டது. வில்லையை யாரும் பார்க்கவில்லை.

5. நான்கு மணிக்கு நான் தேநீருக்கு வந்து நின்றேன். எங்கள் மேலாள் பாஸ்கோ சொன்னார்: "டேய் ட்ரெகியர், நீ காலையிலேயே ஓடிப்போயிட்டியேடா. ஓடிப்போனவனுக்கு ஏது டீ?" சொன்னாலும் தன் கோப்பையைத்தான் நீட்டினார். எழுத்தரிடம் கூட்டிப் போனார். எழுத்தர், "அறிக்கை கரைக்குப் போயாச்சு. 'ஐயா, நீங்க எண்ணினது தப்பு'ன்னு கேப்டன்கிட்ட நீ சொல்றியா, பாஸ்கோ சொல்லட்டுமா?" என்றார். இருவரும் சொல்லவில்லை. மறுநாள் நடுக்கடலில் என்னைப் புது ஆளாகச் சேர்த்துக்கொண்டார்கள். அந்தப் பெருந்தன்மையால் மேலும் ஏழாண்டு உழைத்தேன்.

6. இப்போது கப்பல் நங்கூரத்தில் ஓய்ந்திருக்கிறது. மூன்றாண்டாக நானும் என் மனைவி எடித்தும் பின்பக்க அறையில் குடியிருந்து அதைக் காக்கிறோம். எந்த அறையில் நீர் கசியும், எந்தப் பம்பை இரண்டு உதை உதைத்தால் ஓடும் என்பது எனக்குத் தெரியும். பீரங்கி மேடையில் எடித் தக்காளி போட்டிருக்கிறாள்.

7. நிரந்தரக் காவலருக்கு இதே கப்பலில் பத்தாண்டுக் கடற்பணி வேண்டும் என்பது விதி; நங்கூரத்தில் காத்த காலம் அதில் சேராது. என்னிடம் பன்னிரண்டு உண்டு. ஆனால் ஓடிப்போனவன் 1893 வரை உழைத்த ஐந்தாண்டு கணக்கில் வராதாம். எனவே ஜூன் 30க்குள் வெளியேற உத்தரவு வந்திருக்கிறது. அதைப் படித்த எடித், "ஞாயித்துக்கிழமை கடற்கரைக்குக்கூட இந்த மனுசனை இந்தக் கப்பலை விட்டு இறக்க முடியல. இவரா ஓடிப்போனவரு?" என்றாள். இதையும் சாட்சியமாக ஏற்குமாறு வேண்டுகிறேன். எங்களுக்குக் கரையில் வேறு வீடு இல்லை.

8. ஆகவே அக்குறிப்பை நீக்கி, எங்களை இங்கேயே இருக்க அனுமதிக்கக் கோருகிறேன். பதிவேட்டைத் திருத்த இயலாதெனில், ஒரு மாற்று வழியும் உண்டு. 1893இல் ஓடிப்போன ட்ரெகியர் இன்னும் பிடிபடவில்லை. அவன் இருக்கும் இடம் எனக்குத் தெரியும். அவனைக் கைது செய்து, எந்தக் கப்பலை விட்டு ஓடினானோ அதிலேயே ஆயுள் முழுதும் அடைத்து வைக்க உத்தரவிடலாம். கைதி எதிர்க்க மாட்டான். அவன் மனைவியும் உடனிருக்கச் சம்மதிக்கிறாள்.

இரண்டில் எதைத் தாங்கள் செய்தாலும் நன்றி மறவாத,

நத்தானியேல் ட்ரெகியர்

இடம்: 'பெர்டிட்டா', சிட்னி துறைமுகம்
நாள்: 12 ஜூன் 1905