மூடிய ஷெட்டில் வளர்ந்த துணி

ராஜபாளையம்,
31.7.2025, இரவு

அன்புள்ள அப்பாவுக்கு,

யுவராணி எழுதுவது. அம்மா தூங்கிவிட்டாள். போனில் பேசக் கூடாது என்று வக்கீல் சொல்லிவிட்டதால் இதை என் வகுப்பு ஜாஸ்மினிடம் கொடுக்கிறேன். அவள் அப்பா பெலிக்ஸ் மாமா திருப்பூருக்கு லோடு ஏற்றும்போது கொண்டுவருவார். அம்மாவுக்குத் தெரியாது.

இன்று ஸ்ரீவில்லிபுத்தூர் கோர்ட் அமீனா நோட்டீஸோடு வந்தார். நூல்கடை ஐயாதுரை உங்களைத் திவாலானவர் என்று அறிவிக்கச் சொல்லி மனுப் போட்டிருக்கிறாராம். அம்மா சொல்லிக்கொடுத்தபடி, "அவிய திருப்பூர்ல இருக்காவ" என்றேன்.

"சோலியாப் போனாவளா, குடியே போயிட்டாவளா?" என்று கேட்டார்.

கேட்டுச் சொல்கிறேன் என்று சொல்லிவிட்டுக் கையைப் பின்னால் கட்டிக்கொண்டேன்.

எனக்கு ஒரு சந்தேகம். கடன் வாங்கியது இங்கே. நீங்கள் அங்கே போய்ப் படுத்துத் தூங்கினால், இந்தக் கோர்ட்டுக்கு உங்கள்மேல் அதிகாரம் இல்லாமல் போய்விடுமா? தொழிலை நிறுத்தியவருக்கு எந்தக் கோர்ட்? டீச்சரிடம் கேட்கலாமென்றால், யாருக்காகக் கேட்கிறாய் என்பார்.

அமீனா கேட்டதற்கு என்ன சொல்ல?

உங்கள் மகள்,
யுவராணி


திருப்பூர்,
3.8.2025

என் தங்கம் யுவராணிக்கு,

அப்பா எழுதுவது. பனியன் கம்பெனியில் சாப்பாடு பரவாயில்லை. உன் அம்மா ரசம்தான் இல்லை.

ஆள் வழக்கமாக எங்கே குடியிருக்கிறான், எங்கே தொழில் செய்கிறான், இதைத்தான் கோர்ட்டில் பார்ப்பார்களாம். இரண்டும் அந்தக் கோர்ட் எல்லைக்குள் இல்லையென்றால் மனு நிற்காதாம். ஐயாதுரை அண்ணாச்சி திருப்பூருக்கு அலைவதற்குள் நாம் மூச்சு விட்டுக்கொள்ளலாம் என்கிறார் வக்கீல். தறி ஷெட்டைத்தான் சித்திரையோடு மூடிவிட்டோமே. இனி என் வீடு திருப்பூர் என்று ஒரு தாளில் கையெழுத்துப் போட வேண்டும், அவ்வளவுதான்.

நீ ஷெட்டுப் பக்கம் போகாதே. அமீனா வந்தால் குடியே போய்விட்டார் என்று சொல். பயப்படாதே.

அப்பா


ராஜபாளையம்,
8.8.2025, இரவு

அன்புள்ள அப்பாவுக்கு,

உங்கள் கடிதம் இன்று சாயங்காலம்தான் கைக்கு வந்தது. அதற்குள் எல்லாம் நடந்துவிட்டது.

நீங்கள் போனதிலிருந்து வெள்ளிக்கிழமைதோறும், அம்மா கோயிலுக்குப் போனதும், நாலாம் நம்பர் தறியை ஐந்து நிமிடம் ஓட்டுகிறேன். ஓடாத தறி செத்த தறி என்று நீங்கள்தானே சொல்வீர்கள்? வரும்போது துருப்பிடித்திருக்கக் கூடாது என்று நினைத்தேன்.

இன்று ஓட்டிக்கொண்டிருந்தபோது அமீனா மறுபடி வந்தார். சத்தம் கேட்டு நேரே ஷெட்டுக்குள் வந்துவிட்டார். சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து வெள்ளத்தாய் அத்தை, கடைசி மாதக் கூலிக்காகக் காத்திருப்பவர், "ஏட்டி, மூடுன தறி ஓடுது, எங்கூலி மட்டும் ஓடி வரலயே!" என்று கத்தினார்.

அமீனா தறியில் நெய்திருந்த பேண்டேஜ் துணியைத் தொட்டுப் பார்த்தார். "மூடுன ஷெட்டுல துணி வளருதே, தாயி."

"விக்கதுக்கு இல்ல. அப்பா வந்தா ஓட்டணும்லா" என்றேன். சொன்ன பிறகுதான் நாக்கைக் கடித்தேன். அவர் ஏதோ எழுதிக்கொண்டார்.

அளந்து பார்த்தேன். ஏழு மீட்டர். ஏழு மீட்டர் துணி தொழில் ஆகுமா அப்பா? என்னால் கேஸ் தோற்றுவிடுமா? அம்மா வெட்டி அடுப்பில் போடு என்கிறாள். வெட்டட்டுமா?

இன்னொன்று. குடியே போய்விட்டார் என்று சொல்லிப் பார்த்தேன், கண்ணாடி முன்னால். வாய் வரவில்லை.

யுவராணி


திருப்பூர்,
12.8.2025

யுவராணிக்கு,

துணியை வெட்டாதே.

உன் கேள்வியை வக்கீலிடம் கேட்டேன். சிரித்தார். பிறகு சிரிக்கவில்லை. கடன் தீராதவரை தொழிலும் முடியவில்லை என்று எதிர்த்தரப்பு வாதாடுமாம், தறி வேறு ஓடினால் கேட்கவே வேண்டாமாம். குடியிருப்பையாவது காப்பாற்றுவோம் என்று அந்தத் தாளை நீட்டினார். வழக்கமாகக் குடியிருக்கும் இடம் என்று போட்டு, பக்கத்தில் திருப்பூர் என்று டைப் அடித்திருந்தது. உனக்கு வாய் வராதது போல எனக்குக் கை வரவில்லை. பேனாவை மூடிக் கொடுத்துவிட்டேன்.

திங்கட்கிழமை ஸ்ரீவில்லிபுத்தூர் கோர்ட்டில் நானே போய் நிற்கப் போகிறேன். தறிகளை ஏலம் போட்டாலும் போடுவார்கள். துருப்பிடிக்காத தறிக்கு நல்ல விலை வரும். வெள்ளத்தாய்க்குக் கூலி கிடைக்கும். அம்மாவிடம் நானே சொல்லிக்கொள்கிறேன். நீ ஒளிந்து எழுத வேண்டாம்.

அமீனாவுக்கு என்ன சொல்ல என்று கேட்டிருந்தாயே. சோலியாப் போனாவ, ஞாயித்துக்கிழமை வாராவ என்று சொல்.

உன் அப்பா தனுஷ்கோடி