ஹில்மாவின் முகத்தோடு

1951 ஜனவரி 16, கோதன்பர்க்

ட்ராமில் ஒரு பெரியவர், "என்ன ஹில்மா, இன்னிக்குத் தட்டு எதையும் போட்டு உடைக்கலையா?" என்றார். பெட்டியே சிரித்தது. நானும்தான்.

ஐந்து படங்களில் சமையல்காரி ஹில்மாவாக வந்து தட்டைக் கீழே போட்டிருக்கிறேன். குன்வோர் என்ற என் சொந்தப் பெயர் யாருக்குத் தெரியும்? வருத்தமில்லை, அதில்தான் வீட்டில் அடுப்பெரிகிறது. ஆனால் இப்போது மேடையில் மீனவத் தாய் வேடம். கடல் அவள் மகனைக் கொண்டுபோய்விடுகிறது. கதாநாயகி, மருமகளாக வரும் இங்காலில் என்ற பெண்தான். என்றாலும், மூன்றாம் காட்சியில் செய்தி வரும்போது மேடையில் நான் மட்டும்.

ஜனவரி 29

நாளை முதல் நாள். என் கணவர் அல்கோட் ஹெர்ரிங் மீன் வறுத்துவைத்தார். தட்டை அப்படியே அவர் பக்கம் தள்ளிவிட்டேன்.

ஜனவரி 30

சிரித்தார்கள்.

நான் உள்ளே கால் வைத்ததுமே சிரித்தார்கள். முறைப்பாக, விறைப்பாக நடந்தேன், இன்னும் சிரித்தார்கள். செய்தி கேட்டு நாற்காலியைப் பிடித்தேனே, அப்போதும் மேல்மாடத்தில் ஒரு கெக்கலிப்பு. திரை விழுந்ததும் இங்காலில் அழுதாள். "உங்க தப்பு இல்ல குன்வோர். ஆனா என் கடைசி சீன் போச்சே!"

பாவம், அவள் சொல்வதும் சரிதான்.

ஜனவரி 31

இயக்குநர் ரூட்கர் கூப்பிட்டுவிட்டார். எனக்கு மகன் இருந்தால் அவர் வயதுதான் இருக்கும். "வேற ஒருத்தரைப் பாத்து வெச்சிருக்கேன். தப்பா எடுத்துக்காதீங்க. நல்லாத்தான் நடிக்கிறீங்க. அந்த முகத்தை நான் என்ன பண்றது?"

என் முகத்தை நான் மட்டும் எங்க கொண்டுபோய் வைக்கிறது? கழட்டி ஆணியில மாட்டவா?

அல்கோட் காபியை ஆற்றிக்கொண்டே கேட்டார்: "சிரிச்சா அந்த ஆளுக்கு என்னவாம்? செத்த வீட்டுலகூடத்தான் சிரிக்கிறாங்க."

அதற்குப்பிறகு வேறெதையும் நினைக்க முடியவில்லை.

பிப்ரவரி 1

காலையிலேயே போய் ரூட்கர் முன்னால் உட்கார்ந்துவிட்டேன்.

"மகன் போனது அவளுக்கு மூணாவது காட்சியிலதான தெரியும்? அதுக்கு முன்னாடியே நான் ஏன் துக்கம் சுமந்துகிட்டு நடக்கணும்?"

"இது சோக நாடகம்."

"அது அவளுக்குத் தெரியாதே! சிரிக்கிறவங்க சிரிக்கட்டும். அவளை அவங்களுக்குப் பிடிக்கட்டும். அப்புறம் ஆள் வந்து கதவைத் தட்டட்டும்."

பென்சிலைக் கடித்தார். "இன்னிக்கு மட்டும். சரியா வரலைன்னா நாளைக்கு நீங்களே ஒதுங்கிக்கணும்."

பிப்ரவரி 2

நேற்றும் சிரித்தார்கள். சிரிக்கவிட்டேன். உருளைக்கிழங்குப் பானை பொங்கி வழிந்ததற்கு இங்காலிலைத் திட்டினேன், நானே தரையைத் துடைத்தேன், துடைத்துக்கொண்டே அவளோடு சேர்ந்து சிரித்தேன். அரங்கம் எங்கள் சமையலறைக்குள் வந்து உட்கார்ந்த மாதிரி இருந்தது.

பிறகு அவள் உள்ளே போனாள், படகுக்காரர் சேதியோடு வாசலில் வந்து நின்றார். என் வாயில் இன்னும் சிரிப்பு இருந்தது, அவர்கள் வாயிலும். அது வரிசை வரிசையாக அடங்குவது எனக்குக் கேட்டது. நாற்காலியைப் பிடிக்கவில்லை. நின்றேன், அவ்வளவுதான்.

இறங்கியதும் இங்காலில் என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள். ரூட்கரும் ஒதுங்கச் சொல்லவில்லை.

பிப்ரவரி 4

பத்திரிகையில் இங்காலிலுக்கு இரண்டு பத்தி. எனக்கு ஒரே வரி, அதிலும் பெயர் தப்பு. "குன்ஹில்டாவாம்! ஹில்மாவுக்கு அக்கா போல" என்று அல்கோட் நாளெல்லாம் கிண்டல்.

ஏப்ரல் 19, லீசெஷில்

நாடகத்தைக் கடலோர ஊர்களுக்குக் கொண்டுபோகிறோம். எனக்குப் பயம்தான். இங்கே எந்த வீட்டில் கடல் ஆளைக் கொண்டுபோகவில்லை?

முதல் காட்சியில் இவர்களும் சிரித்தார்கள். முடிந்தபின், கறுப்புத் தலைத்துணி கட்டிய அம்மாள் ஒருத்தி ஒப்பனை அறைக்கே வந்துவிட்டாள். நான் எழப்போனேன், தோளை அழுத்தி உட்காரவைத்து, பக்கத்தில் தானும் உட்கார்ந்தாள்.

"என் பையன் சேதி வந்தப்போ நான் அடுத்த வீட்டுக்காரியோட விழுந்து விழுந்து சிரிச்சிக்கிட்டிருந்தேன். எதுக்குன்னுகூட நினைவில்ல. அந்தச் சிரிப்புக்காக இத்தனை வருஷம் வெக்கப்பட்டுக்கிட்டு இருந்தேன், யாருகிட்டயும் சொல்லல."

அவள் கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டேன்.

பேருந்து காத்திருக்கிறதென்று சொல்ல வந்த ரூட்கர், எங்களைப் பார்த்ததும் தொப்பியைக் கழற்றினார். பிறகு சத்தம் வராமல் கதவைச் சாத்திவிட்டுப் போய்விட்டார்.