ஓலவ்சன் என்றால் யார் மகன்

14.8.1996, புதன்

காலேஜ் விட்டு வந்த மகன் ஓலவ்சன் சாப்பிடும்போது சிரித்துக்கொண்டே சொன்னான்:

"அப்பா, லைப்ரரியில ஒரு புஸ்தகம் பாத்தேன். எம் பேரு நார்வேக்காரங்க பேராம். அங்கன அப்பா பேரோட 'சன்' சேத்துப் பிள்ளைக்கு வைப்பாங்களாம். ஓலவ்னா முன்னோரோட வாரிசாம். அப்போ நான் ஓலவோட மவன். யாருப்பா அந்த ஓலவ்?"

குழம்பு ஊற்றிக்கொண்டிருந்த என் மனைவி மேரியின் கை நின்றுவிட்டது.

"பேரு நல்லா இருக்கேன்னு நான்தான் வச்சேம்லே" என்றேன்.

பொய். வள்ளியூர்ப் பக்கம் ஒரு மிஷன் ஆஸ்பத்திரியில் இருபது நாள் குழந்தையாக அவனை வாங்கினோம். பெற்றவள் விட்டுப்போன பிள்ளைக்கு நார்வே நர்ஸம்மா தன் தகப்பனார் ஓலவின் பெயரோடு 'சன்' சேர்த்து ஏற்கெனவே பெயர் வைத்திருந்தாள். பத்தொன்பது வருஷமாக அவனிடம் சொல்லவில்லை.

கை கழுவிவிட்டு வந்து என் முகத்தையே பார்த்தான். "நெசமா நீங்கதான் வச்சீங்களா?"

அதற்கு மேல் முடியவில்லை. உட்காரவைத்து எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். மேரி அழுதாள். அவன் அழவில்லை.

"இனிஷியல் உங்களுதுதானப்பா?" என்றான்.

"ஆமாலே. என் பேருதான்."

"அப்பம் சரி" என்று எழுந்து போய்ப் படுத்துக்கொண்டான்.

அவன் அறையில் இன்னும் விளக்கு எரிகிறது. போய்ப் பார்க்கலாமா, வேண்டாமா என்று தெரியாமல் இதை எழுதிக்கொண்டிருக்கிறேன்.