எதிர்மனுதாரர் ஸ்டெல்லாக்கா

என் பிரியமான ஸ்டெல்லாக்கா,

போன வாரம் நம் வழக்கில் தீர்ப்பு வந்துவிட்டது. தள்ளுபடி. நான் மனுதாரர், நீங்கள் எதிர்மனுதாரர் என்றாலும் ‘நம் வழக்கு’ என்றுதான் எழுத வருகிறது.

பணிமூப்புப் பட்டியலில் உங்களுக்கு மேலே வர வேண்டிய என் பெயர் கீழே போனது யார் தவறோ, உங்கள் தவறில்லை. நீங்கள் கண்காணிப்பாளர் ஆனீர்கள். விழுப்புரத்தில் அதே அலுவலகத்தில் நான் கடைசிவரை உதவியாளராகவே இருந்தேன். அப்போதே வழக்குப் போட்டிருந்தால் உங்களைக் கீழே இறக்கியிருப்பார்கள். உங்கள் வீட்டுக்காரர் இறந்து, மகள் ஜெனியை ஒற்றை ஆளாகப் படிக்கவைத்துக்கொண்டிருந்தீர்கள். எனக்கு மனசு வரவில்லை.

நாம் இருவரும் ஓய்வு பெற்ற பிறகு, இனி யாருக்கும் பாதகமில்லை என்றுதான் வக்கீலிடம் போனேன். நானும் கண்காணிப்பாளராக ஓய்வு பெற்றவள் என்று பதிவில் இருக்க வேண்டும், அவ்வளவுதான்.

உங்களையும் எதிர்மனுதாரராகச் சேர்த்தாக வேண்டும் என்றார் அவர். அதைச் சொல்லத்தான் நீங்கள் படுத்திருந்த முண்டியம்பாக்கம் ஆஸ்பத்திரிக்கு வந்தேன், ஞாபகமிருக்கிறதா? எப்படி ஆரம்பிப்பதென்று தெரியாமல் ஆரஞ்சு உரித்துக்கொண்டிருந்தேன். நீங்கள்தான் என் வாயைப் பிடுங்கினீர்கள். கேட்டுவிட்டுச் சிரித்தீர்கள்.

“தாராளமா போடு கலா. இவதான் சீனியர்னு நானே வந்து கோர்ட்ல சொல்றேன். இத்தினி வருஷம் ஏன்டி சும்மா இருந்துக்கினு இருந்த?”

ஒரு சுளையை உங்கள் கையில் வைத்தேன். உங்களுக்குத் தெரியாதா என்ன?

ஜெனியிடம் நீங்களே சொல்லிக்கொள்வதாகச் சொன்னீர்கள். அதற்குள் போய்விட்டீர்களே அக்கா. அடக்கம் முடிந்து கொஞ்ச நாளில் திண்டிவனம் வீட்டுக்கு உங்கள் பெயரில் நோட்டீஸ் போயிருக்கிறது. ஜெனி போனில் ஒரே ஒரு கேள்வி கேட்டாள்: “எங்கம்மாவ கோர்ட்டுக்கு இழுத்தீங்களா சித்தி?” நான் வாயைத் திறப்பதற்குள் வைத்துவிட்டாள். அதன் பிறகு கூப்பிட்டால் எடுப்பதில்லை.

இவ்வளவு தாமதம் ஏன் என்று நீதிமன்றமும் கேட்டது. மேலதிகாரியாக இருந்த நீங்கள் என்னை மிரட்டி வைத்திருந்ததாக எழுதலாம் என்றார் வக்கீல். “அவங்க வந்து மறுக்கப்போறதில்லம்மா.” கெட்ட மனிதரில்லை. வழக்கு நிற்க வேறு வழி தெரியவில்லை அவருக்கு.

“வேணாங்க சார். அவங்க அப்பிடிப்பட்டவங்க இல்ல” என்றேன்.

உள்ளதை உள்ளபடி எழுதினோம். தாமதத்துக்கு அந்தக் காரணம் போதாது என்று சொல்லிவிட்டார்கள். வருத்தம் இருக்கிறது அக்கா, உங்களிடம் மறைப்பானேன்? ஆனால் மேல்முறையீடு வேண்டாமென்று சொல்லிவிட்டேன். ஜெனி எடுக்காத போன்தான் இப்போது மனசை அறுக்கிறது.

வரும் ஞாயிறு, அவள் கோயிலிலிருந்து திரும்பும் நேரத்துக்குத் திண்டிவனம் போகிறேன். ஆஸ்பத்திரியில் நீங்கள் சிரித்ததையும் சேர்த்துச் சொல்வேன். கதவைத் திறக்காவிட்டால் அடுத்த ஞாயிறும் போவேன். திறக்கும்வரை போவேன் அக்கா.

உங்கள் கூடப்பிறக்காத தங்கை,
கலா