சத்தமா, வார்த்தையா?

என் வாயாடி மகளுக்கு அம்மா எழுதுவது.

இங்கே எல்லோரும் நலம். உன் அப்பாவின் வீம்பு மட்டும் இரண்டு வருஷம் நம்மைப் பாடாய்ப் படுத்திவிட்டு, போன வெள்ளிக்கிழமை ஒருவழியாகப் போய்ச் சேர்ந்தது. அப்பாடா! நீ வீட்டுக்கு வரலாம். ஒரு டம்ளர் தண்ணீர் குடித்துவிட்டு மீதியைப் படி.

சுரங்கப்பாதை தோண்டும் வேலைக்குப் போகிறேன் என்று நீ நம் மூக்குக்கண்ணாடிக் கடையில் வந்து நின்றதும், "வெளிச்சமே படாத எடத்துல என் பொண்ணா?" என்று குதித்தாரே, அந்தக் குதியில் வந்து விழுந்ததுதானே "இனிமே என் வாசப்படி மிதிக்காதே" என்பது. வேறு அப்பாவாக இருந்தால் மறுவாரமே மழுப்பியிருப்பார். இவர் ஒளிச் சபைக்காரர் ஆயிற்றே! வெளிச்சத்தில், எதிரில் நிற்பவர் முகம் பார்த்துச் சொன்னதைத் திரும்ப வாங்கக் கூடாது. முகம் தெரியாமல் சொன்னது வார்த்தையே இல்லை, வெறும் சத்தம். சபையின் இந்த முதல் பாடத்தைச் சின்ன வயதில் நீயும்தான் ஒப்பித்தாய். சாப்பாட்டில் உப்பில்லை என்பதைக்கூட விளக்கைப் போட்டு, என் முகத்தைப் பார்த்துத்தான் சொல்வார் இந்த மனுஷன். அவரிடம் என் அழுகை எடுபடுமா?

போன மாதம் எதிர்வீட்டுத் தையல்காரர் பேச்சுவாக்கில், நீ கிளம்பிப்போன சாயங்காலம் கரண்ட் போய், ஒரு சட்டைக்குக் கையை மாற்றித் தைத்துவிட்டதாகச் சொன்னார். எனக்குச் சட்டென்று பொறி தட்டியது. இருட்டில் சொன்னதென்றால் செல்லாதே! ஓடிப்போய் உன் அப்பாவிடம், எனக்குச் சரியாக நினைவில்லை, அப்போதே கரண்ட் போச்சுதானே என்று கேட்டேன். லென்ஸ் ஓரத்தைத் தேய்த்துக்கொண்டிருந்தவர் நிமிரவேயில்லை. "கரண்ட் போனது அவ தெருமுனை திரும்பின அப்புறம். இல்லாததைச் சொல்லாதே" என்றார். பெற்ற பெண்ணுக்காக ஒரு பொய் சொன்னால் வாய் வெந்தா போய்விடும்? அதற்கப்புறம் நான் அவரோடு முகம் கொடுத்துப் பேசவில்லை.

ஆனாலும் விடுவேனா? நானே சபையில் முறையிட்டேன். இப்போது சபைத் தலைவி நம் பல் டாக்டரம்மா. அடுத்தவர் வாயைத் திறக்க வைப்பதுதானே அவர் பிழைப்பு! ஜன்னல்களை எல்லாம் திறந்து வைத்து, உன் அப்பாவை எதிரில் உட்காரவைத்து, அன்று விளக்கு எரிந்ததா என்று கேட்டார். எரிந்தது என்றார் இவர்.

"சரி, பொண்ணு முகம் தெரிஞ்சுதா?"

உன் அப்பா கண்ணாடியைக் கழற்றினார், துடைத்தார், போட்டார், மறுபடி கழற்றினார். அப்புறம் மெதுவாக, "தெரியலைங்க. கண்ணு நெறைஞ்சு போச்சு. அவ நின்ன எடம் தெரிஞ்சுது, முகம் தெரியலை" என்றார்.

"அப்ப அது சத்தம்தான். போய்ப் பொண்ணைக் கூப்பிடுங்க" என்று முடித்துவிட்டார் டாக்டரம்மா.

எனக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தது. அன்று நான் அவர் முதுகுக்குப் பின்னால் அல்லவா நின்றேன்? எனக்கெப்படித் தெரியும்? இதை முன்னாலேயே சொல்லித் தொலைத்தால் என்ன என்று வழியெல்லாம் திட்டிக்கொண்டே வந்தேன். "நீ கரண்ட் போச்சானுதானே கேட்ட?" என்கிறார். இந்த மனுஷனை வைத்துக்கொண்டு நான் என்னடி செய்வேன்!

வந்ததும் முதல் வேலையாக உன் கட்டிலில் அடுக்கியிருந்த ஃபிரேம் பெட்டிகளை எல்லாம் கடைக்கு இறக்கிவிட்டார். மெத்தையை வெயிலில் போட்டார். என்னைக் கேட்காமலேயே உன் அறைக்குப் புது பல்பு வாங்கி மாட்டியிருக்கிறார். இப்போது இந்தக் கடிதத்தைத் தபாலில் சேர்க்கச் செருப்பு மாட்டிக்கொண்டு நிற்கிறார். உள்ளே என்ன எழுதுகிறேன் என்று கேட்கவில்லை. எட்டி எட்டி மட்டும் பார்க்கிறார்.

உடம்பைப் பார்த்துக்கொள், கண்ணு. சீக்கிரம் லீவு போட்டு வா. வந்தால் திட்டாமல் இருக்க மாட்டார், அது அவர் பிறவிக் குணம். திட்டட்டும். அன்று போலத் தலையைக் குனிந்துகொண்டு படி இறங்கிவிடாதே. ஒரு நிமிஷம் நின்று, நிமிர்ந்து அவர் கண்ணைப் பார்.

நீ நூறு வயது நன்றாக இருக்க வேண்டும்.

உன் வரவுக்குக் காத்திருக்கும்
அம்மா